ஒதுங்கி நிற்காத காமிரா

நடப்பதைப் படம் பிடி. நடப்பதில் கலந்து கொள்ளாதே! ஆவணப் படக் கலைக்கு இப்படியொரு மனுநீதி வகுத்து வைத்திருக்கிறார்கள் சிலர். கருவி ஏந்தியவன் கண் திறந்திருக்கலாமாம். கை நீட்டக் கூடாதாம்!

அந்த நீதியை மதிக்க மறுத்தவர் யோரிஸ் இவென்ஸ். 1898-இல் நெதர்லாந்தில், காமிரா வணிகர் ஒருவரின் மகனாகப் பிறந்தவர். 1929-இல் அவர் தந்த 'மழை' என்ற படத்தில், ஆம்ஸ்டர்டாம் வீதிகளில் விழும் துளிகளின் எழிலைத் தவிர வேறொன்றும் இல்லை. அந்த அழகுக் கலைஞர்தான் 1933-இல், பெல்ஜிய நண்பர் ஆன்றி ஸ்டோர்க்குடன், பொரினாஜ் என்னும் நிலக்கரிச் சுரங்க வட்டாரத்துக்குப் போனார்.

அங்கே கண்டது என்ன? முந்தைய ஆண்டு, கூலிக் குறைப்பை எதிர்த்து மூண்ட பெரும் வேலை நிறுத்தம் ஓய்ந்திருந்தது. முன்னின்று போராடியோர் வேலை இழந்தனர், வீடும் இழந்தனர். ஒருபுறம் விலை போகாத நிலக்கரி மலையாய்க் குவிந்து கிடக்க, மறுபுறம் அதை வெட்டியெடுத்தவனின் மனைவி, கழிவுக் குன்றுகளில் குளிருக்கு அஞ்சிக் கரித்துண்டு பொறுக்கினாள். ஜப்திக்கு அமீனா வந்தால், அண்டை வீட்டார் திரண்டு வந்து நாற்காலியிலும் கட்டிலிலும் அமர்ந்து கொள்வார்கள். உட்கார்ந்திருப்பவரோடு சேர்த்தா தூக்கிச் செல்ல முடியும்?

இவென்ஸும் ஸ்டோர்க்கும் தொழிலாளர் குடும்பங்களோடு தங்கி, போலீசார் கண்ணில் படாமல் படம் பிடித்தார்கள். வறுமையும் திரையில் அழகாகத் தெரிந்துவிடுமோ என்றஞ்சி, கண்ணைக் கவரும் ஒளியையும் நிழலையும் வேண்டுமென்றே விலக்கினார் இவென்ஸ். அழகை ஆளத் தெரிந்தவர் அதைத் துறந்தது எளிய செயலா?

ஒரு நாள், முன்பு நடந்து முடிந்திருந்த ஊர்வலம் ஒன்றைக் காமிராவுக்காக மீண்டும் நடத்தச் செய்தார். சுரங்கத் தொழிலாளி ஒருவர் தீட்டிய மார்க்சின் உருவப் படம் முன்னே சென்றது. வீடுகளிலிருந்து மக்கள் வெளியே வந்தார்கள், கை உயர்த்தினார்கள், பின்னே நடந்தார்கள். நடிப்பாகத் தொடங்கியது மெய்யான ஊர்வலமாகவே மாறிவிட்டது!

"இது புரட்டல்லவா?" என்பர் ஒதுங்கி நிற்போர். நான் பள்ளி ஆசிரியன். வருகைப் பதிவேட்டில் ஒரு பெயருக்கு நேரே 'வரவில்லை' என்று எழுதுகிறேன். அது உண்மைதான். மாலையில் அந்தச் சிறுவனின் வீட்டுக்குப் போய், தந்தையோடு வாதாடி, மறுநாள் அவனை அழைத்து வந்து 'வந்தான்' என்று எழுதினால், அதுவும் உண்மைதானே? நான் தலையிட்டதாலேயே அது பொய்யாகிவிடுமா? ஆனால் ஒன்று: வராதவனை வந்ததாக எழுதக் கூடாது. மீண்டும் நடத்தப்பட்ட காட்சி இது என்பதைப் பார்ப்பவர் அறிதல் வேண்டும். ஊர்வலத்தின் கதையை இவென்ஸ் பின்னாளில் ஒளிக்காமல் எழுதினார். படம் பார்க்க அமர்ந்தவர் எல்லாரும் நூலையும் படிப்பார்களா? அந்த வகையில் எனக்கு அவரிடம் மனத்தாங்கல் உண்டு.

ஆனால் அவர் கொடுத்த விலையைப் பாருங்கள். டச்சு இந்தியத் தீவுகளின் திரைப்பட ஆணையராக அவரை அமர்த்தியிருந்தது டச்சு ஆட்சி. 1945-இல் இந்தோனேசியா விடுதலை முழக்கம் செய்ததும், அதை ஏற்க மறுத்த ஆட்சியின் பதவியைத் துறந்தார். டச்சுக் கப்பல்களில் சரக்கேற்ற மறுத்த சிட்னித் துறைமுகத் தொழிலாளரின் பக்கம் நின்று, 1946-இல் 'இந்தோனேசியா அழைக்கிறது' என்ற படத்தை எடுத்தார். அப்போராட்டத்தில் இந்திய மாலுமிகளும் சேர்ந்தனர். படத்தில் அவர்களும் உண்டு.

தாய்நாடு சினந்தது. பாஸ்போர்ட்டுக்காகப் பல ஆண்டுகள் அல்லலுற்றார். 1985-இல்தான் அந்நாட்டு அமைச்சர் ஒருவர் பாரிசுக்கே வந்து அவருக்கு விருது வழங்கினார். அப்போது இவென்ஸுக்கு வயது 86. அதற்குப் பிறகும் அவர் காமிராவைக் கீழே வைக்கவில்லை. சீனத்துக்குப் போய் இன்னொரு படம் எடுத்தார்.