இடம் போதாது என்று வந்தால் எதை அழிப்பது?



பாடசாலை லீவு விட்டால் எனக்கு வரும் கோல்களில் கொஞ்சம் பாடத்தைப் பற்றியே இருக்காது. "சேர், புள்ளைட கேம் மெஷின் நிறைஞ்சு போச்சாம். எதையாவது அழிக்கட்டாம். என்னத்த அழிக்கிற?" என்று கேட்பார்கள். கட்டார், சவூதி, டுபாய் என்று போன எங்கட ஆக்கள் லீவில் வரும்போது பிள்ளைக்கு நின்டெண்டோ ஸ்விட்ச் ஒன்று வாங்கி வருவார்கள். சில மாதம் நன்றாகப் போகும். பிறகு ஒரு நாள் புதுக் கேம் ஒன்றை டவுன்லோட் பண்ணப் போனால் இடம் போதாது என்று வந்து நிற்கும். பிள்ளை அழும், உம்மா ஏசுவார். யாரோ ஒருவர் "எல்லாத்தையும் அழிச்சிட்டு முதல்ல இருந்து செய்யுங்க" என்று வழி சொல்வார்.

ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்வதை இங்கே ஒரேயடியாக எழுதுகிறேன். கொஞ்சம் நீளம்தான், பொறுமையாக வாசியுங்கள்.

முதலில் மெஷினுக்குள் என்ன இருக்கிறது என்று பார்ப்போம். 2017 மார்ச்சில் வந்த முதல் ஸ்விட்சிலும் அதன் தம்பியான ஸ்விட்ச் லைட்டிலும் உள்ளே இருப்பது 32 ஜீபீ. அதில் மெஷின் தனக்கென்று எடுத்தது போக எங்களுக்குக் கிடைப்பது ஏறத்தாழ 26 ஜீபீ. மரியோ கார்ட் 8 டீலக்ஸ் 7 ஜீபீக்குக் கிட்ட வரும். செல்டா, ப்ரெத் ஒஃப் த வைல்ட் 14 ஜீபீ அளவு. இரண்டும் சேர்ந்தாலே 21. மிச்சத்தில் இன்னொரு சின்னக் கேமும் கொஞ்சம் வீடியோவும் போனால் சரி, கதை முடிந்தது.

இந்த 26 ஜீபீக்குள் இரண்டு விதமான சாமான் இருக்கிறது. ஒன்று கேம். அதைச் செய்த கொம்பெனியிடம் அது எப்போதும் இருக்கிறது. நாங்கள் அழித்தாலும், காசு கொடுத்து வாங்கிய எக்கவுண்ட் எங்கள் கையில் இருந்தால் மறுபடி இறக்கிக்கொள்ளலாம். மற்றது பிள்ளை விளையாடி விளையாடிச் சேர்த்தது. எந்த இடம் வரை வந்தான், என்ன வென்றான், எந்தப் படத்தைப் பிடித்து வைத்தான் என்பதெல்லாம். இதற்கு சேவ் டேட்டா என்று பேர். இது உலகத்தில் அந்த ஒரு மெஷினில் மட்டும்தான் இருக்கும். கேம் ஜீபீ கணக்கில் இருக்க, இது பெரும்பாலும் சில எம்பீதான். ஒரு சேவ் 5 எம்பீ என்று வைத்துக்கொண்டால், செல்டாவை எடுத்த இடத்தில் அப்படி 2,800 சேவ் வைக்கலாம்.

ஆனால் எங்கட வீடுகளில் கை முதலில் போவது இந்தச் சின்னதுக்குத்தான். கேம் காசு கொடுத்து வாங்கியது, அதனால் அதைத் தொடப் பயம். போட்டோ, வீடியோ, விளையாடாத ஆளின் பேர் எல்லாம் சும்மா கிடப்பது போலத் தெரியும். அதை அழிக்கிறோம். இடமும் கிடைக்காது, போனதும் திரும்பாது.

என் தங்கச்சியின் மகன் மெஷினிலும் இதுதான் நடக்கப் பார்த்தது. மச்சான் டோஹாவில் வேலை. போன ஹஜ்ஜுப் பெருநாளுக்கு லீவில் வந்தபோது ஸ்விட்சையும் கொண்டுவந்தார். நின்ற நாள் முழுக்க இஷா தொழுதுவிட்டு வந்தால் இரண்டு பேரும் மரியோ கார்ட்தான். மெஷினில் இரண்டு யூசர் திறந்திருந்தார்கள். ஒன்று மகன் பேரில். மற்றதின் பேர் வெறும் "வாப்பா". லீவு முடிந்து அவர் போய்விட்டார்.

சில மாதம் கழித்து இடம் போதாது என்று வந்ததும் தங்கச்சி சொன்னது நியாயமாகத்தான் இருந்தது. "காக்கா, அவர்தான் இப்ப விளையாடுறல்லயே. அவர்ட யூசர அழிச்சா இடம் வருமே?"

வராது. ஸ்விட்சில் ஒரு யூசரை அழித்தால் அந்த யூசரின் சேவ் எல்லாம் சேர்ந்து போய்விடும். கேம் அப்படியே இருக்கும். கிடைக்கப்போவது சில எம்பீ. நான் இதைச் சொல்லிக்கொண்டிருக்கும்போதே மருமகன் மெஷினை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நின்றான். ஏன் என்று கேட்டேன். சொன்னான். மரியோ கார்ட் டீலக்ஸில் கேமோடு வருவது 12 கப். ஒவ்வொன்றிலும் நாலு ரேஸ். வாப்பாவும் அவனும் சேர்ந்து 50 சீசீயில் பன்னிரண்டையும் முடித்தார்கள். 100 சீசீயில் ஏழு முடிந்தது. "மிச்சம் அஞ்சும் வாப்பா வந்த பொறகு. அதுவரைக்கும் நான் அந்த யூசரத் தொடமாட்டேன் மாமா. நான் ஏன்ட யூசர்லதான் விளையாடுற."

பத்து வயதுப் பிள்ளை. யாரும் சொல்லிக்கொடுக்காமல் ஒரு அமானிதத்தைக் காத்துக்கொண்டு இருந்திருக்கிறான்.

அல்பத்தைத் திறந்து பார்த்தோம். ஸ்விட்சில் கெப்சர் பட்டனை அழுத்திப் பிடித்தால் கடைசி 30 செக்கன் விளையாட்டு வீடியோவாகப் பதியும். அப்படி நிறைய இருந்தது. ஒன்றை மட்டும் அவன் எனக்குப் போட்டுக் காட்டினான். திரை இரண்டாகப் பிரிந்திருக்கிறது. இடது பக்கம் வாப்பா, வலது பக்கம் இவன். இடது பக்கக் கார் வளைவில் திரும்பாமல் நேராகப் போய்த் தண்ணீரில் விழுகிறது. தூக்கி விட்டதும் மறுபடி அதே தண்ணீரில் விழுகிறது. இவ்வளவுதான். அந்த வீடியோவில் மச்சானின் முகம் இல்லை. ஸ்விட்ச் வீடியோவில் கேமின் சத்தம் மட்டும்தான் பதியும், அதனால் அவர் சிரித்த சிரிப்பும் இல்லை. ஆனால் மருமகன் அதைப் பார்க்கும்போது எல்லாமே அவனுக்குக் கேட்கிறது என்று முகத்தில் தெரிந்தது.

எக்கவுண்ட் பாஸ்வேர்ட் கேட்க மச்சானுக்கு வட்ஸ்அப்பில் எடுத்தோம். டோஹா எங்களை விட இரண்டரை மணித்தியாலம் பிந்தி. அவர் வேலை முடிந்து வர எங்களுக்குப் பத்தரை தாண்டிவிட்டது. விஷயத்தைச் சொன்னதும், "ஏன்ட யூசர அழிங்க மச்சான். எனக்கு என்னத்துக்கு? புள்ளைக்கு இடம் வேணும்தானே" என்றார். பக்கத்தில் இருந்து மகன் "வேணாம்" என்றான். அந்தப் பக்கம் கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு பாஸ்வேர்டை ஒவ்வொரு எழுத்தாகச் சொன்னார்.

தன்னை எடுத்துவிட்டுப் பிள்ளைக்கு இடம் கொடுப்பது எங்கட வாப்பாமாருக்குப் பழகிப்போன காரியம். பிள்ளைக்கு அந்த இடம் தேவையா, வாப்பா தேவையா என்று யாரும் கேட்பதில்லை.

நாங்கள் என்ன செய்தோம் என்றால், செல்டாவை ஆர்கைவ் பண்ணினோம். அவன் அதைப் பாதியில் விட்டு மாதக்கணக்கு. 14 ஜீபீ ஒரே தட்டில் கிடைத்தது. அவன் நம்பவில்லை. சேவ் டேட்டா பட்டியலைத் திறந்து, செல்டா போன பிறகும் அதன் சேவ் அங்கேயே இருப்பதைக் காட்டினேன். மரியோ கார்ட்டுக்குக் கீழே "வாப்பா" என்ற பேரும் இருந்தது. அதன் பிறகுதான் மெஷினை என் கையில் தந்தான். கேட்ட கேமும் இறங்கியது.

இதைப் பெரிதாக எழுதுகிறேனே, ஒரு விளையாட்டுத்தானே என்று சிலருக்குத் தோன்றலாம். எங்கட ஊருக்கு இந்தக் கணக்கு புதிதல்ல. 2004 டிசம்பர் 26க்குப் பிறகு கிண்ணியாவில் வீடு கட்டினோம், தோணி வாங்கினோம், ஆஸ்பத்திரியும் திரும்ப வந்தது. 2009 ஒக்டோபர் 20இல் பாலமும் திறந்தது. உயிர்கள் திரும்பவில்லை, அதைப் பற்றி இங்கே நான் எழுதப்போவதில்லை. சாமான் என்று எடுத்தால் திரும்பாமல் போனது அல்பம்தான். எங்கட வீட்டில் உம்மாவின் கல்யாண போட்டோ ஒன்றும் இல்லை. வாப்பா பாதையில் நின்று எடுத்த ஒரு போட்டோ இருந்ததாம். பாலம் வந்து பாதையே இல்லாமல் போன பிறகு அதைத் திரும்ப எடுக்கவும் வழியில்லை. அந்தப் படங்களின் நிறை எவ்வளவு இருக்கும்? ஒரு சோப்பிங் பேக்குக்குள் அடங்கியிருக்கும். அந்த நேரம் கையில் எடுக்க யாருக்கும் அவகாசம் இருக்கவில்லை. இன்று எங்களுக்கு அவகாசம் இருக்கிறது. ஐந்து நிமிடம் போதும்.

அந்த ஐந்து நிமிடத்தில் செய்ய வேண்டியது இவை.

ஒன்று. சிஸ்டம் செட்டிங்ஸ் போய் டேட்டா மேனேஜ்மண்டைத் திறந்து எது எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று பாருங்கள். பார்க்காமல் எதையும் அழிக்க வேண்டாம்.

இரண்டு. பெரிய கேமில் இருந்து தொடங்குங்கள். டிலீட் சொஃப்ட்வெயார், ஆர்கைவ் சொஃப்ட்வெயார் என்று இரண்டு இருக்கும். இரண்டிலும் கேம்தான் போகும், சேவ் இருக்கும். ஆர்கைவ் பண்ணினால் கேமின் படம் முகப்பிலேயே நிற்கும், அதைத் தட்டி மறுபடி இறக்கலாம். பிள்ளைக்கு மனசுக்கும் அது ஆறுதல்.

மூன்று. ஆர்கைவ் பண்ண முதல் எக்கவுண்ட் ஈமெயிலும் பாஸ்வேர்டும் கையில் இருக்கிறதா என்று பாருங்கள். வாங்கிய கடையிலேயே யாரோ ஒருவரின் ஈமெயிலில் திறந்து கொடுத்திருந்தால் திரும்ப இறக்குவது சிக்கல். கடையில் கள்ளக் கொப்பி ஏற்றித் தந்த கேம் என்றால் ஆர்கைவ் பண்ணியது திரும்ப வராது. ஏனென்றால் அது உங்கள் எக்கவுண்டில் வாங்கியதே இல்லை. வீட்டில் இருக்கும் டேட்டாவையும் கணக்குப் பாருங்கள். 14 ஜீபீயைப் பகல் டேட்டாவில் இறக்கினால் மாதக் கடைசிக்கு வட்ஸ்அப்புக்கும் மிஞ்சாது. இரவு டேட்டா உள்ள பெக்கேஜ் என்றால் படுக்கும்போது போட்டுவிடுங்கள்.

நாலு. மெமரி கார்ட் போடலாம். 2020 ஏப்ரலுக்குப் பிறகு வந்த அப்டேட் இருந்தால், டவுன்லோட் பண்ணிய கேமை உள்ளே இருந்து கார்டுக்கு மாற்றலாம், மறுபடி இறக்கத் தேவையில்லை. ஆனால் சேவ் டேட்டா கார்டுக்குப் போகாது. அது எப்போதும் மெஷினுக்குள்தான். "எல்லாம் கார்ட்ல இருக்கு" என்று நினைத்து மெஷினை யாருக்கும் விற்கவோ கொடுக்கவோ வேண்டாம். கார்ட் வாங்கும்போது விலை மிகக் குறைந்த பெரிய கார்டைக் கண்டால் சந்தேகப்படுங்கள். 1 டீபீ என்று எழுதி உள்ளே 32 ஜீபீ கூட இல்லாத போலிகள் இருக்கின்றன. மெஷினும் முதலில் 1 டீபீ என்றே காட்டும். உண்மையான இடம் நிறைந்த பிறகுதான் கேம் பழுதாகும். கொம்பியூட்டரில் எச்2டெஸ்ட்டபிள்யூ என்ற இலவச புரோகிராமில் ஒருமுறை முழுதாக எழுதிப் பார்த்துவிட்டுப் போடுங்கள்.

ஐந்து. போட்டோ, வீடியோவை அழிக்க முதல் வெளியே எடுங்கள். அல்பத்தில் இருந்து போனுக்கு அனுப்பலாம். கியூஆர் ஒன்று வரும், போனால் ஸ்கேன் பண்ணினால் ஒரு தடவைக்கு 10 படம் அல்லது ஒரு வீடியோ போகும். நிறைய இருந்தால் யூஎஸ்பீ வயரில் கொம்பியூட்டருக்கே மொத்தமாகக் கொப்பி பண்ணலாம்.

ஆறு. மூன்று இடங்களில் கை வைக்க வேண்டாம். டிலீட் யூசர், டிலீட் சேவ் டேட்டா, இனிஷியலைஸ் கொன்சோல். இதில் கடைசியானது எல்லாவற்றையும் சுத்தமாகத் துடைத்துவிடும். காசு கட்டும் ஒன்லைன் மெம்பர்ஷிப் இருந்தால் சேவை இணையத்தில் ஒரு கொப்பி வைக்கலாம், ஆனால் எல்லாக் கேமுக்கும் அந்த வசதி இல்லை. அது இல்லாத வீட்டில் துடைத்தால் துடைத்ததுதான்.

இன்னொன்று. கேம் எப்போதும் திரும்ப இறங்கும் என்று நான் எழுதியதற்கும் ஒரு எல்லை உண்டு. இதே நின்டெண்டோ தன் பழைய 3டீஎஸ் மெஷினின் கடையை 2023 மார்ச் 27இல் மூடியது. முன்னமே வாங்கியவர்கள் இறக்கலாம், புதிதாக யாரும் வாங்க முடியாது. கடையும் ஒரு நாள் மூடும். ஆனால் அது நடப்பதற்கு முன் எங்களுக்கு அறிவித்தல் வரும். டிலீட் பட்டனை அழுத்தும் பிள்ளையின் விரல் அறிவித்தல் தராது.

கடைசியாக, வெளிநாட்டில் இருந்து இதை வாசிக்கும் வாப்பாமாருக்கும் காக்காமாருக்கும் ஒரு வார்த்தை. அடுத்த லீவில் வரும்போது பிள்ளையின் மெஷினில் உங்கள் பேரில் ஒரு யூசர் திறவுங்கள். விளையாடத் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, தண்ணீரில் விழுங்கள். பாஸ்வேர்டை எழுதி வீட்டில் வைத்துவிட்டுப் போங்கள். யாராவது போன் பண்ணி உங்கள் யூசரை அழிக்கட்டா என்று கேட்டால், உடனே சரி என்று சொல்லாதீர்கள். முதலில் போனைப் பிள்ளையிடம் கொடுக்கச் சொல்லுங்கள்.

அல்லாஹ் உங்கள் எல்லோரையும் சுகமாக ஊர் கொண்டுவந்து சேர்ப்பானாக.