60 ரூபாயில் ஒரு நேர்கோடு

கொல்கத்தாவில் டாலிகஞ்ச் மெட்ரோ நிலையத்துக்கு நடிகர் உத்தம் குமார் பெயரை வைத்து எத்தனையோ வருஷம் ஆகியும், எங்கள் பக்கத்தில் எல்லோருக்கும் அது டாலிகஞ்ச் மெட்ரோதான். அங்கிருந்து நடக்கிற தூரத்தில், மாலை நேரத்தில் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் சிலருக்குக் கணக்குச் சொல்லித் தருகிறேன். இந்த வாரம் நேர்கோட்டுச் சமன்பாடு.

வரைபடம் என்றாலே பிள்ளைகள் அட்டவணை போட்டு 1, 2, 3 என்று வரிசையாகப் போட ஆரம்பித்துவிடுகிறார்கள். பின்னம் வந்ததும் முகம் வாடிவிடுகிறது. அதனால் மிட்டாய்க் கடைக் கணக்காக மாற்றினேன். ரசகுல்லா 10 ரூபாய், சந்தேஷ் 15 ரூபாய், கையில் 60 ரூபாய் என்று வைத்துக்கொண்டோம்.

ரசகுல்லாவின் எண்ணிக்கை ர, சந்தேஷின் எண்ணிக்கை ச என்றால், 10ர + 15ச = 60.

சந்தேஷே வேண்டாம் என்றால்? 6 ரசகுல்லா. ரசகுல்லாவே வேண்டாம் என்றால்? 4 சந்தேஷ். கிடை அச்சில் 6, செங்குத்து அச்சில் 4. அளவுகோல் வைத்து இரண்டையும் இணைத்தால் கோடு தயார். சரிபார்க்க 3 ரசகுல்லா, 2 சந்தேஷ்: 30 + 30. புள்ளி கோட்டின் மேலேயே உட்கார்ந்தது. சில்லறை மிச்சமில்லாமல் வாங்க இந்த மூன்று வழிதான் உண்டு என்று ஒரு பெண் தானாகவே கண்டுபிடித்தாள். எனக்கு அவ்வளவு சந்தோஷம்!

ச = 2ர போல ஆதிப்புள்ளி வழியே போகிற கோட்டுக்கு மட்டும் இப்படி ஒவ்வொன்றுக்கும் பூஜ்யம் போட்டுப் பார்ப்பது போதாது. இரண்டு அச்சுகளையும் அது ஒரே இடத்தில் வெட்டுவதால் இன்னொரு புள்ளி தேடவேண்டும்.

உங்கள் வீட்டுப் பிள்ளைகளிடமும் அட்டவணைக்கு முன்னால் ஒருமுறை பூஜ்யம் போட்டுப் பார்க்கச் சொல்லுங்கள்.