பிணத்துக்குப் பயந்த கடைக்காரர்

குடிகாரன் வேஷம் சுலபம் என்று சில நடிகர்களுக்கு ஓர் எண்ணம். நாலு தள்ளாட்டம், இரண்டு விக்கல், தீர்ந்தது காரியம்! அவர்களையெல்லாம் உட்கார வைத்து, 1971-ல் க்ளோத் ஜுத்ரா எடுத்த 'மோன் ஓங்க்ள் அந்துவான்' படத்தைக் காட்ட வேண்டும்.

கியூபெக்கில் ஒரு கல்நார்ச் சுரங்க ஊர். அங்கே மளிகையும் துணியும் விற்கும் அந்துவானே பிண அடக்கமும் செய்கிறவர். கிறிஸ்துமஸுக்கு முந்திய இரவு, பனிப்புயலில், ஒரு பையனின் சடலத்தை எடுத்துவரப் போகிறார். திரும்பும்போது சவப்பெட்டி வண்டியிலிருந்து விழுந்துவிடுகிறது. கூட வந்த சிறுவனால் தனியே தூக்க முடியவில்லை. போதையிலிருக்கும் பெரியவர் கை கொடுக்காமல் அழுகிறார். பிணம் என்றாலே தமக்குப் பயமாம்! அமெரிக்காவில் ஓட்டல் வைக்கத்தான் ஆசைப்பட்டாராம். கேட்கிற நமக்குச் சிரிப்பு வருகிறது. வந்த சிரிப்பு பாதியில் நின்றுவிடுகிறது.

அந்துவானாக நடித்த ழான் துசெப் 1923-ல் மான்ட்ரியாலில் பிறந்தவர். நாடக மேடையில் பழகிய ஆள். 1953-ல் தொடங்கிய 'ப்ளூஃப் குடும்பம்' டெலிவிஷன் தொடரில் ஸ்டான் லாப்ரி அவர்தான். அந்நாளில் அது நேரடி ஒளிபரப்பு. வசனம் மறந்தால் ஊரே பார்க்கும். அந்துவானின் அழுகையில் ஒரு துளிகூட மிகையில்லாததற்கு அந்தப் பழக்கமும் காரணம் என்றே நினைக்கிறேன்.

சிறந்த நடிகர் என்று கனடாவின் திரைப்பட விருது கிடைத்தது. மனிதர் சினிமாவோடு நிற்கவில்லை. 1973-ல் சொந்த நாடகக் குழு ஆரம்பித்து, 1990-ல் இறக்கும் வரை அதைக் கட்டிக்காத்தார். அந்தக் குழு நடித்துவந்த மான்ட்ரியால் அரங்குக்கு இன்று அவர் பெயர்தான்.