சயாமுக்குப் போனவருக்கு ஓர் இலை

பாகான் டத்தோ,
17 அக்டோபர் 2025

அன்புள்ள பாப்பா,

டாஹாவ் நாஜி வதைமுகாம் நினைவிடத்தில் நீ எடுத்த படங்களை உன் அப்பா நேற்று ராத்திரி காட்டினான். மியூனிக்கிலிருந்து எஸ்-2 ரயில், அங்கிருந்து ஒரு பஸ், வீட்டிலிருந்தே கட்டிக்கொண்டு போன ரொட்டி. நுழைவுக் கட்டணம் கிடையாது, சாயங்காலம் அறைக்குத் திரும்பியாகிவிட்டது. படிக்கிற பிள்ளையின் கைக்காசுக்கு ஏற்ற பயணம்தான். கடைசியில் ஒன்று கேட்டிருந்தாய்: "அத்தை, நம்ம ஆளுங்களுக்கு இப்படி ஒரு இடம் இல்லையா?"

இருக்கிறது. நம் நாட்டில் இல்லை, சயாமில், அதாவது இன்றைய தாய்லாந்தில். டிசம்பரில் ஊருக்கு வரும் வழியில் பாங்காக்கில் இரண்டு ராத்திரி தங்கப் போவதாகச் சொன்னாயே, அதில் ஒரு பகல் போதும். நான் போன வருஷம் போய் வந்தேன். இதையெல்லாம் வாட்ஸ்அப்பில் பேசி அனுப்ப எனக்கு வராது. எழுதித் தருகிறேன், உன் அப்பா படம் பிடித்து அனுப்புவான்.

நம் வீட்டுப் பெரியவர்கள் "செத்துப் போனார்" என்று சொல்லாமல் "சயாமுக்குப் போனார்" என்று சொல்வதைச் சின்ன வயதில் கேட்டிருப்பாய். என் பெரியப்பா, உனக்குப் பெரிய தாத்தா, அப்படிப் போனவர்.

1942 ஜனவரி தொடக்கத்தில் ஜப்பான்காரர்கள் படகில் வந்து நம் பக்கத்து ஊத்தான் மெலிந்தாங்கில் இறங்கினார்கள். கம்பாரில் நின்று சண்டை போட்ட பிரிட்டிஷ் படை பின்வாங்கியதற்கு அதுவும் ஒரு காரணம். துரைமார் தோட்டங்களை விட்டுப் போய்விட்டார்கள். ரப்பரையும் கொப்பரையையும் ஏற்றிப் போகக் கப்பல் இல்லை. வேலை இல்லை, கூலி இல்லை, அரிசியும் இல்லை. மூன்று வேளையும் மரவள்ளிக்கிழங்கு. வேட்டி கிழிந்த பிறகு கோணிச்சாக்கைக் கட்டிக்கொண்டார்கள் என்பார் என் அப்பா. அவருக்கு அப்போது ஒன்பது வயது.

பர்மாவில் இருந்த ஜப்பான் படைக்கு ஆயுதமும் அரிசியும் போகவேண்டும். கடல்வழியில் எதிரிக் கப்பல்களின் தொல்லை. அதனால் சயாமின் நோங் பிளாடுக்கிலிருந்து பர்மாவின் தன்பியூசாயாட் வரை, மலையும் காடுமான 415 கிலோமீட்டருக்குத் தண்டவாளம் போட முடிவெடுத்தார்கள். பிரிட்டிஷ்காரர்களே முன்பு அளந்து பார்த்து, சரிப்படாது என்று கைவிட்ட வழி அது. 1942 நடுவில் வேலை தொடங்கியது. இரண்டு பக்கமிருந்தும் வந்த தண்டவாளங்கள் கொன்கொய்தாவில் சேர்ந்தது 1943 அக்டோபர் 17. இந்தக் கடிதத்தின் தலையில் போட்டிருக்கும் தேதியைப் பார். இன்றோடு 82 வருஷம்.

அறுபதாயிரத்துக்கும் மேல் போர்க்கைதிகள் இருந்தும் ஆள் போதவில்லை. பர்மா, ஜாவா, மலாயா என்று எல்லா இடத்திலும் ஆள் பிடித்தார்கள். மலாயாவில் கைக்கு எட்டினவர்கள் தோட்டத்துத் தமிழர்கள். எந்த லயத்தில் யார் இருக்கிறார்கள், யாருக்கு எத்தனை வயது என்று கண்டுபிடிக்க அலையவே வேண்டாம், எல்லாரும் ஒரே இடத்தில் இருந்தார்கள். முதலில் ஆசை காட்டினார்கள்: மூன்று மாத வேலை, நாளுக்கு ஒரு வெள்ளி, சாப்பாடு சும்மா. போனவர்கள் திரும்பவில்லை என்றதும் யாரும் வரவில்லை. அப்புறம் தோட்டத்துக்கு இத்தனை தலை என்று கேட்டார்கள். சில ஊர்களில் இலவசப் படம் காட்டுகிறோம் என்று கூட்டி, கதவைச் சாத்தி, லாரியில் ஏற்றினார்கள்.

பெரியப்பா கொப்பரைச் சூளையில் வேலை பார்த்தவர். கல்யாணமாகி ஒரு வருஷம்கூட ஆகவில்லை. 1943-ல் லாரி வந்த அன்று கங்காணி படித்தது என் தாத்தாவின் பெயரைத்தானாம். "அப்பாவுக்கு மூச்சு வாங்குது, நான் போறேன்" என்று பெரியப்பா ஏறிக்கொண்டார். கையில் ஒரு பாய், ஒரு தூக்குச்சட்டி. லாரி மண்சாலையில் திரும்புகிற வரைக்கும் தூக்குச்சட்டியின் மூடி ஆடுகிற சத்தம் கேட்டதாம். உள்ளே சோறு இருந்திருந்தால் அப்படி ஆடியிருக்காது என்பார் அப்பா.

சாமான் ஏற்றும் ரயில்பெட்டிகளில் அடைத்துக் கொண்டுபோய் பான்போங்கில் இறக்கினார்கள். அங்கிருந்து காட்டுக்குள் நடை. அந்த வருஷ மழைக்காலத்தில் காலரா வந்தது. வெள்ளைக்காரக் கைதிகளுக்கும் அதே காடு, அதே அடி, அதே பட்டினிதான். ஆனாலும் அவர்களோடு அவர்களுடைய அதிகாரிகளும் டாக்டர்களும் இருந்தார்கள். தண்ணீரைக் காய்ச்சிக் குடி, கழிப்பறைக் குழியைத் தள்ளித் தோண்டு என்று அதட்டிச் சொல்ல ஆள் இருந்தது. நம்மவர்களுக்குச் சொல்ல யாருமில்லை, ஆற்றில் மொண்டு குடித்தார்கள். தொழிலாளர் முகாம்களைப் பார்க்கச் சிங்கப்பூரிலிருந்து கைதி டாக்டர்கள் கொஞ்சம் பேரை அனுப்பினார்கள். அதுவும் 1943 ஜூன் கடைசியிலிருந்துதான், காலரா பரவிவிட்ட பிறகு.

கைதிகளில் 12,000 பேருக்கு மேல் இறந்தார்கள். ஆசியத் தொழிலாளர்களில் எத்தனை பேர்? 80,000 முதல் 1,00,000 வரை என்று காமன்வெல்த் போர்க்கல்லறை ஆணையம் சொல்கிறது. இன்னும் கூடுதலாகச் சொல்பவர்களும் உண்டு. இடையில் இருக்கும் அந்த இருபதாயிரத்தைக் கவனி பாப்பா. அது முழுசாக ஒரு ஊர். இருந்ததா இல்லையா என்றே கணக்கில் தெரியாத ஊர். கைதிகளின் அதிகாரிகள் செத்தவனின் பெயர், எண், தேதி, புதைத்த இடம் எல்லாவற்றையும் ஒளித்து ஒளித்து எழுதி வைத்தார்கள். நம்மவர்கள் பெயர் இருந்தது தோட்டத்துச் செக்ரோலில் மட்டும். அது கூலி போடுவதற்கான புத்தகம். ஆள் வேலைக்கு வரவில்லை என்றால் அதில் பெயரும் வராது.

இனி நீ போகவேண்டிய வழி. பாங்காக்கில் தோன்புரி என்று ஒரு சின்ன ஸ்டேஷன், ஆற்றுக்கு மேற்கே. காலை எட்டு மணிக்குச் சற்று முன்னால் 'நாம் தோக்' என்ற ஊருக்குப் போகும் ரயில் அங்கிருந்து கிளம்பும். மூன்றாம் வகுப்பு மட்டும்தான், முன்பதிவு கிடையாது. வெளிநாட்டுக்காரர்களுக்கு 100 பாட், நம் காசுக்குப் பதின்மூன்று வெள்ளி போல. நேரத்தை முதல் நாளே ஒரு தடவை சரிபார்த்துக்கொள். ஜன்னல் திறந்தே இருக்கும், சாப்பாடு விற்பவர்கள் ஏறி இறங்குவார்கள். இரண்டரை மணி நேரத்துக்கு மேல் ஆகும் காஞ்சனபுரி போய்ச் சேர.

ஸ்டேஷனிலிருந்து நடக்கிற தூரத்தில் போர்க்கல்லறை. கிட்டத்தட்ட 7,000 பேர், பிரிட்டிஷ், ஆஸ்திரேலிய, டச்சுக்காரர்கள். வெட்டிச் சீராக்கிய புல், வரிசை வரிசையாக வெண்கலத் தகடுகள். பெயர், எண், வயது, சிலவற்றில் வீட்டார் எழுதச் சொன்ன ஒரு வரி. நான் இரண்டு வரிசை முழுக்க நின்று படித்தேன். இருபத்திரண்டு, இருபத்து நான்கு, பத்தொன்பது. அந்தத் தாய்மாருக்காகவும் கும்பிட்டேன். யார் பெற்றாலும் பிள்ளை பிள்ளைதானே.

பக்கத்திலேயே 2003-ல் திறந்த ரயில்வே அருங்காட்சியகம். தொழிலாளர்களைப் பற்றியும் அங்கே சொல்லியிருக்கிறார்கள், அவசரப்படாமல் பார். ஊரின் இன்னொரு பக்கம் 1977-ல் திறந்த ஜீத் என்னும் அருங்காட்சியகம் இருக்கிறது. ஜப்பான், இங்கிலாந்து, ஆஸ்திரேலியா, அமெரிக்கா, தாய்லாந்து, ஹாலந்து ஆகிய நாடுகளின் முதலெழுத்துகளைக் கோத்து வைத்த பெயர். மலாயாவின் எழுத்து அதில் இல்லை. பர்மா, ஜாவாவின் எழுத்தும் இல்லை.

கல்லறைக்கு அருகில் வாட் தாவோன் வராராம் என்று ஒரு வியட்நாமிய பௌத்தக் கோயில். நான் போனதே இதற்காகத்தான். பெயர் தெரியாத ஆசியத் தொழிலாளர்களின் எலும்புகளை மொத்தமாகப் புதைத்த இடம் அங்கே இருக்கிறது. மலேசியத் தமிழர்களும் தாய்லாந்துத் தமிழர்களும் முயன்று 2023-ல் அங்கே நம்மவர்களுக்கு ஒரு நடுகல் நாட்டினார்கள். போர் முடிந்து 78 வருஷத்துக்குப் பிறகு. பாங்காக்கிலேயே ஒரு முழம் பூ வாங்கிக்கொண்டு போ.

பிறகு ஒரு சோங்தேவ் பிடித்து, அந்தத் தண்டவாளம் ஆற்றைத் தாண்டும் பாலத்துக்குப் போ. சோங்தேவ் என்பது நம் ஊர் வேன் மாதிரி, பின்னால் பெஞ்சு போட்ட வண்டி. பாலத்தின் வளைந்த இரும்புச் சட்டங்கள் பழையவை. நடுவில் வளைவில்லாமல் நேராக நிற்கும் இரண்டும் 1945-ல் குண்டு விழுந்து உடைந்த இடத்தில் போருக்குப் பின் வைத்தவை. இந்தப் பாலத்தை வைத்து 1957-ல் வந்த பெரிய ஆங்கிலப் படத்தால்தான் கூட்டம் வருகிறது. அதை எடுத்தது இலங்கையில். கதையை எழுதிய பிரெஞ்சுக்காரர் பியர் பூல் போருக்கு முன் மலாயா ரப்பர் தோட்டத்தில் வேலை பார்த்தவர், நம்மவர்களைத் தினமும் பார்த்தவர். படமோ வெள்ளைக்காரக் கைதிகளையும் அவர்களுடைய கர்னலையும் சுற்றியே ஓடும்.

பாலத்திலிருந்து கொஞ்ச தூரத்தில், யாரும் அதிகம் நிற்காத இடத்தில், ஒரு தூண். 1944-ல் ஜப்பான் படையே கட்டியது, தங்கள் வேலையில் செத்தவர்களுக்காக. அதன் மதிலில் பல மொழிக் கல்வெட்டுகள், அதில் தமிழும் உண்டு. வெயிலில் நின்று அந்த எழுத்துகளைத் தடவிப் பார்த்தேன். கொன்றவன் ஒரே வருஷத்தில் தமிழில் கல் வைத்துவிட்டான். நமக்கு 2023 வரை ஆயிற்று. அங்கே எனக்கு ஜப்பான்காரன் மேல் வந்த கோபத்தைவிட நம் மேல் வந்த வெட்கம் பெரிது.

திரும்பும் ரயில் இரண்டே முக்காலுக்கு முன்னதாகவே பாலத்துக்கு வரும். நான் அந்தத் தூணருகே நின்று அதை விட்டுவிட்டு வேனில் திரும்பினேன், நீ விட்டுவிடாதே. மலையைக் குடைந்த ஹெல்ஃபயர் பாஸ் இன்னும் எண்பது கிலோமீட்டர் தள்ளி. அதற்கு இன்னொரு நாள் வேண்டும், ஒரே பகலில் இரண்டையும் இழுத்துப் போட்டுக்கொள்ளாதே. விமானத்தில் படிக்க ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' நாவலை உன் அப்பாவிடம் கொடுத்து ஸ்கேன் செய்யச் சொல்கிறேன்.

டாஹாவும் இதுவும் ஒன்று என்று நான் சொல்ல வரவில்லை. நாஜிகள் யூதர்கள் என்ற இனமே இருக்கக்கூடாது என்று கொன்றார்கள். இங்கே நம்மவர்களை விறகு மாதிரி எரித்தார்கள், தீர்ந்தால் இன்னொரு கட்டு கொண்டுவந்தார்கள். நோக்கம் வேறு. ஆனால் நீ டாஹாவில் பார்த்த ஒன்று எனக்கு உறைத்தது. அங்கே இறந்த நாற்பத்தோராயிரத்துச் சொச்சம் பேரின் பெயர்களை இன்னும் தேடித் தேடி நினைவுநூலில் சேர்க்கிறார்கள் என்று எழுதியிருந்தாய். கட்டடத்தைவிட அதுதான் நினைவிடம்.

நம் வீட்டுக் கதைக்கு வருகிறேன். பெரியம்மா 2001-ல் கண்மூடும் வரை பொட்டு அழிக்கவில்லை. தீபாவளிக்கு முதல் நாள் படையலில் தாத்தாவுக்கு, ஆயாவுக்கு என்று இலை போடும்போது யாராவது பெரியப்பாவுக்கு ஒன்று எடுத்தால் பிடுங்கி வைத்துவிடுவார். "உசுரோட இருக்கறவருக்கு எப்படிப் படைப்பீங்க?" உன் அப்பா பிறந்தபோது அவனுக்குப் பெரியப்பாவின் பெயரை வைக்கச் சொன்னதும் அவர்தான், அந்தப் பெயர் வீட்டில் கேட்டுக்கொண்டே இருக்கவேண்டும் என்று. ஆனால் புருஷன் பெயரைச் சொல்லக்கூடாதே! கடைசி வரை உன் அப்பாவை "தம்பி" என்றே கூப்பிட்டார். மற்றவர்கள் கூப்பிடும்போது அடுப்படியில் கை நின்றுவிடும்.

இப்போது இருபத்து நான்கு வருஷமாக அவருக்கும் சேர்த்து இலை போடுகிறோம். நாளை மறுநாள் படையல். செத்த தேதி தெரியாது, இடம் தெரியாது, இலை மட்டும் உண்டு.

நீ காஞ்சனபுரி போவதைவிட முக்கியமாக ஒன்று செய். உன் அம்மாவின் ஆயா சித்தியவானில் இருக்கிறார், தொண்ணூறு வயது. அவர் பிறந்த தோட்டத்திலிருந்து யார் யார் லாரியில் ஏறினார்கள் என்று அவருக்கு இன்னும் ஞாபகம் இருக்கிறது. போனை எடுத்து, பதிவு பட்டனை அமுக்கி, ஒவ்வொரு பெயராகக் கேள். அடுத்த தீபாவளிக்குப் பார்த்துக்கொள்ளலாம் என்று இருந்துவிடாதே.

அன்புடன்,
அத்தை