ஃபார்மேட் போடுவதற்கு முன் ஒரு நிமிஷம்

பதிவு கொஞ்சம் நீளம். வீட்டில் கணினியும் அதில் விளையாடும் பிள்ளையும் இருப்பவர்கள் பொறுமையாகப் படியுங்கள்.

கல்லூரி திறக்கும் சமயம் வந்துவிட்டால் என் வாட்ஸ்அப்புக்கு ஒரே மாதிரிச் செய்திதான் வரும். "டீச்சர், லேப்டாப் ஆமை மாதிரி ஓடுது. இடமில்லைனு சொல்லுது. பையன் கேமா ஏத்தி வச்சிருக்கான். என்ன பண்றது?" ஓய்வு பெற்ற இடைநிலை ஆசிரியையிடம் போய் இதைக் கேட்கிறார்களே என்று நினைக்காதீர்கள். பணியின் கடைசி வருடங்களில் எங்கள் ஒன்றிய நடுநிலைப் பள்ளியில் எமிஸ் பதிவு வேலை முழுக்க என் தலையில்தான் விழுந்தது. அப்போது பிடிபட்டது கொஞ்சம். மிச்சத்தைப் பெங்களூரில் இருக்கும் மகன் போனிலேயே சொல்லிக் கொடுத்தான்.

நம் டெல்டா கிராமங்களில் பல வீடுகளுக்குள் முதல் கணினி வந்தது அரசு கொடுத்த விலையில்லா மடிக்கணினியாகத்தான். 2011 செப்டம்பர் 15, அண்ணா பிறந்த நாளில் அன்றைய முதல்வர் ஜெயலலிதா அந்தத் திட்டத்தைத் தொடங்கி வைத்தார். எங்கள் தெருவிலேயே நாலைந்து வீட்டுக்கு வந்தது. வந்த ஒரு வாரத்தில் பென்டிரைவ் வழியாக 'வைஸ் சிட்டி' விளையாட்டும் பின்னாலேயே வந்துவிட்டது! காசு கொடுத்து வாங்கியது இல்லை. ஒருவரிடமிருந்து ஒருவர் நகல் எடுத்தது. கூடவே வைரஸும் வரும். அன்று தொடங்கிய பழக்கம் இன்றும் பல வீடுகளில் தொடர்கிறது. அதனால்தான் விளையாட்டு எங்கே இருக்கிறது என்று தேடுவது இங்கே கொஞ்சம் சிக்கல்.

முதலில் ஒரு தவறான நம்பிக்கையைச் சொல்லிவிடுகிறேன். திரையில் இருக்கும் படத்தை அழித்தால் விளையாட்டு போய்விட்டது என்று பல பெற்றோர் நினைக்கிறார்கள். போகாது. அது வாசலில் மாட்டிய பெயர்ப் பலகை. பலகையைக் கழற்றினால் வீடு இடிந்துவிடுமா? விளையாட்டு உள்ளே அப்படியேதான் இருக்கும்.

நிஜமாகவே எங்கே இருக்கிறது என்று பார்க்க, செட்டிங்ஸில் சிஸ்டம், அதற்குள் ஸ்டோரேஜ் என்று போங்கள். எது எவ்வளவு இடம் பிடித்திருக்கிறது என்று தெரியும். அடுத்து ஆப்ஸ் பகுதியில் உள்ள பட்டியலை அளவுப்படி அடுக்கச் சொன்னால் பெரியது மேலே வந்து நிற்கும். ஸ்டீம் வழியாக வாங்கியது என்றால் ஸ்டீமைத் திறந்து, லைப்ரரியில் விளையாட்டின் பெயர் மேல் வலது பொத்தானை அழுத்தி, மேனேஜ் என்பதில் 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்' கொடுங்கள். அந்தக் கோப்புறையே திறக்கும். வழக்கமாக அது ஸ்டீம் கோப்புறைக்குள் 'ஸ்டீம்ஆப்ஸ்', அதற்குள் 'காமன்' என்ற இடத்தில் இருக்கும். எபிக், ரயட் போன்றவை தங்கள் பெயரிலேயே தனிக் கோப்புறை வைத்திருக்கும். பென்டிரைவில் நகல் எடுத்து ஓட்டுகிற விளையாட்டு பெரும்பாலும் எந்தப் பட்டியலிலும் வராது. டி டிரைவில் ஒவ்வொரு கோப்புறையாக வலது பொத்தானை அழுத்தி, பிராபர்ட்டீஸில் அளவைப் பார்த்துத்தான் பிடிக்க வேண்டும்.

இதெல்லாம் எளிது. இதற்கு மேல் ஒன்று இருக்கிறது. அதைச் சொல்லத்தான் இந்தப் பதிவு.

என்னிடம் மூன்றாம் வகுப்பு படித்த மாணவி ஒருத்தி. இன்று அவள் மகன் பாலிடெக்னிக் முதல் வருடம். கல்லூரியில் ஆட்டோகேட் போடச் சொல்லியிருக்கிறார்கள். 256 ஜிபி வட்டில் மிச்சம் இருந்தது 4 ஜிபி. ஒரு கடையில் காட்டியிருக்கிறார்கள். "ஃபார்மேட் போட்டாத்தான் சரியாகும், 600 ரூபாய்" என்று சொல்லிவிட்டார்களாம். போகிற வழியில் என் வீட்டுக்கு வந்தாள்.

"போட்டுடலாம் டீச்சர். வெறும் கேம்தானே இருக்கு. அப்பவாச்சும் படிப்பான்."

பையன் ஒன்றும் பேசவில்லை. தரையைப் பார்த்துக்கொண்டு நின்றான். முப்பத்தாறு வருஷம் வகுப்பறையில் நின்றவளுக்கு அந்த நிற்கிற விதம் தெரியும். "உள்ளே என்னய்யா இருக்கு?" என்று கேட்டேன்.

"தாத்தா வீடு இருக்கு டீச்சர்."

அவளுக்கே புரியவில்லை. அவன் திறந்து காட்டினான். மைன்கிராஃப்ட் என்று ஒரு விளையாட்டு. சுவீடன் நாட்டு மோஜாங் நிறுவனம் 2011-இல் முழுமையாக வெளியிட்டது. கட்டை கட்டையாக அடுக்கி நமக்குப் பிடித்த உலகத்தை நாமே கட்டிக்கொள்ளலாம். இவன் கட்டியிருந்தது பட்டுக்கோட்டைப் பக்கத்தில் இருந்த அவர்களுடைய ஓட்டு வீட்டை.

2018 நவம்பர் 16 அதிகாலை கஜா புயல் வேதாரண்யம் பக்கம் கரை கடந்ததே, அந்த ராத்திரி நம்மில் யாருக்கு மறக்கும்? தென்னையெல்லாம் வேரோடு சாய்ந்ததில் அந்த வீடும் போனது. பீரோவில் இருந்த போட்டோக்கள் நனைந்து ஒட்டிப் போயின. கொரோனா சமயத்தில், ஆன்லைன் வகுப்புக்காக சிங்கப்பூரில் இருக்கும் அப்பா வாங்கிக் கொடுத்த இந்த மடிக்கணினியில், தாத்தாவைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொண்டு பையன் அந்த வீட்டைத் திரும்பக் கட்டியிருக்கிறான். திண்ணை, முற்றம், கூடம், கொல்லைக் கிணறு, மாட்டுக் கொட்டகை. "ஓட்டுக்குச் செங்கல் படிய கவுத்து வச்சேன் டீச்சர். பத்தாயத்த நான் தப்பா வச்சிட்டேன். தாத்தாதான் வடக்குப் பக்கம் தள்ளி வைக்கச் சொன்னாங்க." அந்தத் தாத்தா காலமாகி இரண்டு வருடம் ஆகிறது.

என் மாணவி அந்தத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் மருமகளாக வந்து பத்து வருடம் வாழ்ந்த வீடு அது. "அடுப்படி ஜன்னல் கூட வச்சிருக்கான் டீச்சர்" என்றாள். ஃபார்மேட் பேச்சை அதோடு விட்டுவிட்டாள்.

இப்போது கணக்கைப் பாருங்கள். வட்டை அடைத்துக்கொண்டிருந்தது ஜிடிஏ 5. அது ஒன்றே 110 ஜிபிக்கு மேல். கூடவே இவன் தொடாமலே விட்ட இரண்டு பென்டிரைவ் விளையாட்டுகள். தாத்தா வீடு எவ்வளவு தெரியுமா? வெறும் 180 எம்பி. அதாவது ஜிடிஏ இருந்த இடத்தில் அப்படி 600 வீடு வைக்கலாம்.

விஷயம் இதுதான். விளையாட்டு வேறு, அதில் பிள்ளை சேர்த்து வைத்தது வேறு. இரண்டும் பெரும்பாலும் ஒரே இடத்தில் இருக்காது. விளையாட்டு என்பது வைக்கோல் போர் மாதிரி. இடத்தை அடைக்கும், தேவையென்றால் மறுபடி கிடைக்கும். சேமிப்புக் கோப்பு விதைநெல். அளவில் சிறியது. போனால் போனதுதான்.

அந்த விதைநெல் இருக்கும் இடங்களைக் குறித்துக்கொள்ளுங்கள். டாக்குமெண்ட்ஸ் கோப்புறைக்குள் 'மை கேம்ஸ்' இருக்கும்; வைஸ் சிட்டி, சான் ஆண்ட்ரியாஸ் போன்றவை டாக்குமெண்ட்ஸுக்குள் தங்கள் பெயரிலேயே ஒரு கோப்புறை வைத்திருக்கும். பயனர் பெயருக்குக் கீழே 'சேவ்டு கேம்ஸ்' என்று ஒன்று. மூன்றாவது 'ஆப்டேட்டா'. இது மறைந்திருக்கும், வியூ பகுதியில் மறைந்தவற்றைக் காட்டச் சொன்னால்தான் தெரியும். அதற்குள் லோக்கல், லோக்கல்லோ, ரோமிங் என்று மூன்று அறை. கணினியில் ஓடும் மைன்கிராஃப்டின் ஜாவா பதிப்பு ரோமிங்குக்குள், பெயருக்கு முன்னால் ஒரு புள்ளி வைத்த 'மைன்கிராஃப்ட்' கோப்புறையில், 'சேவ்ஸ்' என்ற இடத்தில் உலகங்களை வைத்திருக்கிறது. பையனின் வீடு அங்கேதான் இருந்தது. ஆப்டேட்டாவில் நகல் மட்டும் எடுங்கள். மற்ற மென்பொருள்களின் கோப்புகளும் அங்கேதான் இருக்கின்றன. எதையும் அழிக்க வேண்டாம்.

ஸ்டீமில் சில விளையாட்டுகளுக்குச் சேமிப்பு இணையத்திலும் பத்திரமாக இருக்கும். எல்லா விளையாட்டுக்கும் அந்த வசதி இல்லை. அதை நம்பி அழிக்காதீர்கள்.

நகல் எடுத்த பிறகு விளையாட்டை நீக்கலாம். நீக்கும்போது கோப்புறையை அப்படியே அழிக்காமல் 'அன்இன்ஸ்டால்' வழியாகப் போங்கள். வாலரண்ட் வைத்திருப்பவர்கள் கவனியுங்கள்: விளையாட்டை நீக்கினாலும் 'வேன்கார்ட்' என்ற அதன் காவல் மென்பொருள் பட்டியலில் தனியாக நிற்கும், அதையும் நீக்க வேண்டும். இன்னொரு வட்டு இருந்தால் நீக்காமல் இடம் மாற்றலாம். ஸ்டீமின் செட்டிங்ஸில் ஸ்டோரேஜ் பகுதியிலேயே அந்த வசதி இருக்கிறது. நாமாகக் கோப்புறையை வெட்டி ஒட்டினால் ஸ்டீம் பழைய முகவரியிலேயே தேடிக்கொண்டிருக்கும்.

இன்னொரு கணக்கும் பிள்ளைக்குச் சொல்லுங்கள். நாளுக்கு 1.5 ஜிபி கிடைக்கிற கைப்பேசித் திட்டத்தில் 105 ஜிபி விளையாட்டை மறுபடி இறக்க 70 நாள் ஆகும். குறுவை நட்டால் 70 நாளில் கதிர் தலை சாயத் தொடங்கிவிடும்! எதை வைப்பது, எதை நீக்குவது என்று அவனே யோசித்து முடிவு செய்வான்.

அந்தப் பையனுக்கு ஜிடிஏவை நீக்குவதில் வருத்தமே இல்லை. இரண்டு பென்டிரைவில் வீட்டை நகல் எடுத்தான். ஒன்று அவனிடம், ஒன்று அவன் அம்மாவின் பீரோவில். ஆட்டோகேடுக்கு இடம் தாராளமாகக் கிடைத்தது. 600 ரூபாயும் மிச்சம்.

விளையாட்டு என்றாலே நேரத்தைத் தின்பது என்று நானும் வகுப்பில் சொல்லியிருக்கிறேன். அளவு மீறினால் இன்றும் அதையேதான் சொல்வேன். ஆனால் அதற்குள் என்ன இருக்கிறது என்று பார்க்காமல் சொல்வதில்லை. 'வெண்பா' என்று ஒரு விளையாட்டு இருக்கிறது. கனடாவின் டொரண்டோவில் இருக்கும் விசை கேம்ஸ் 2023-இல் வெளியிட்டது. 1980-களில் கனடாவுக்குக் குடிபோன ஒரு தமிழ்க் குடும்பத்தின் கதை. அம்மா கொடுத்த சமையல் குறிப்பு நோட்டில் வரிகள் அழிந்தும் கிழிந்தும் போயிருக்கும். விளையாடுகிறவர் யோசித்து யோசித்து இட்லியும் புட்டும் சரியாகச் செய்ய வேண்டும். 2024-இல் பிரிட்டனின் பாஃப்டா விருதுகளில் முதல் படைப்புக்கான பரிசு அதற்குக் கிடைத்தது. என் மகன் விடுமுறைக்கு வந்தபோது நானும் ஒரு இட்லி வேக வைத்துப் பார்த்தேன்.

ஆகவே பெற்றோர்களே, தாத்தா பாட்டிகளே, கடைக்குக் கொண்டுபோகும் முன் பிள்ளையைப் பக்கத்தில் உட்கார வைத்து, "இதுல உனக்கு எது வேணும்? காட்டு" என்று கேளுங்கள். காட்டியதை இரண்டு இடத்தில் நகல் எடுங்கள். பென்டிரைவ் மேல் பெயரும் தேதியும் எழுதி ஒட்டுங்கள். நகல் திறக்கிறதா என்று வேறொரு கணினியில் போட்டுப் பாருங்கள். அதற்குப் பிறகு நீக்குவதோ ஃபார்மேட் போடுவதோ உங்கள் விருப்பம்.

கோப்புறையைத் தேடுவதில் சந்தேகம் இருந்தால் கீழே எழுதுங்கள். எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். தெரியாததை மகனிடம் கேட்டுச் சொல்கிறேன். அருகில் இருப்பவர்கள் சனிக்கிழமை காலையில் மடிக்கணினியோடு வீட்டுக்கே வரலாம். சார்ஜரை மறக்காமல் எடுத்து வாருங்கள்.