தொல்படை

சென்ற தவணையில் உயர்தர வகுப்பிலே திருக்குறளின் படைமாட்சி அதிகாரத்தை விளக்கிக்கொண்டிருந்தோம். மூலப்படை, கூலிப்படை, நாட்டுப்படை, காட்டுப்படை, துணைப்படை, பகைப்படை எனப் பரிமேலழகர் கூறும் அறுவகையையும் கரும்பலகையில் எழுதி, அவற்றுள் மூலப்படையே சிறந்தது என்றோம். மாணவனொருவன் எழுந்து, "ஐயா, கொமாண்டோப் படை இவற்றுள் எதிலே அடங்கும்?" என வினவினான்.

மூலப்படைக்கு இந்தியத் தரைப்படையின் மதராஸ் றெஜிமென்ற்றை எடுத்துக்காட்டினோம். அது 1758ஆம் ஆண்டைத் தன் தோற்ற ஆண்டாகக் கொள்வது. 1803இல் நிகழ்ந்த அசாயேப் போரை நினைவூட்டும் யானைச் சின்னத்தை இன்றும் அணிவது. தென்னாட்டார் போர்க்குடியினர் அல்லர் என ஆங்கில அதிகாரிகள் தாமாகவே ஒரு கொள்கை வகுத்து, அதன் பழைய அணிகளைக் கலைத்தனர். இரண்டாம் உலகப் போர் நெருக்கியதும் அக்கொள்கையை மறந்து மீண்டும் எழுப்பினர். அதிகாரிகளின் கொள்கைகள் பெரும்பாலும் இத்தகையனவே!

கொமாண்டோ அணியோ நேற்றுப் பிறந்தது. 1965ஆம் ஆண்டுப் போரிற் பெற்ற பட்டறிவினால் 1966இல் ஒன்பதாம் பரா கொமாண்டோ அணி தோன்றியது. 1967இல் பாலைநிலப் போருக்கெனப் பத்தாம் அணி அமைந்தது.

இவ்வளவும் சொல்லிய யாம் அப்பாற் சொல்லத் தயங்கி நின்றோம்.

பாலைக்கென அமைந்த அந்தப் பத்தாம் அணியே, 1987 ஒக்டோபர் 11ஆம் நாள் நள்ளிரவை அடுத்து, உலங்குவானூர்திகளில் வந்து எமது திருநெல்வேலியிலே பல்கலைக்கழக வளவில் இறங்கியது. கடுஞ்சூட்டினாற் பின்வந்த ஊர்திகள் இறங்கமாட்டாது போயின. உடன் இறங்கிய சீக்கிய இலகு காலாட்படையினர் முப்பதின்மருள் ஒருவரே உயிரோடு எஞ்சினார். கொமாண்டோக்களைத் தாங்கிகள் வந்து மீட்டன. அயலிலே பிரம்படியிற் பொதுமக்களும் பலர் மாண்டனர்.

எமக்கு அப்பொழுது ஏழு வயது. அம்மம்மா எம்மை நெல்மூடைகளுக்கிடையிற் கிடத்தித் தம் சேலைத்தலைப்பால் மூடியிருந்தார். வேலிக்கு அப்பால் எவனோ ஒருவன் எமக்கு விளங்காத மொழியில் அழைத்துக்கொண்டிருந்தான். "தண்ணிதான் கேட்கிறான் போல" என்று அம்மம்மா செம்பை எடுத்தார். மாமா கதவை மறித்து நின்றார். இருவரும் ஒன்றும் பேசவில்லை. சற்றுநேரத்திற் குரல் அடங்கியது. விடிந்தபோதும் நீர் நிறைந்த செம்பு கதவடியிலேயே இருந்தது.

பரிமேலழகர் காலத்திலே வான்வழி வரும் படை இல்லை என்று மட்டும் அம்மாணவனுக்கு விடை கூறினோம். மணி அடித்தது. அவன் நிறைவடையாத முகத்தோடு அமர்ந்தான். அடுத்த பாடத்திலும் அவன் கேட்பான். அப்பொழுது செம்பின் கதையையும் சொல்வதென்றிருக்கிறோம்.