காலிக் கோட்டையிலே கால்நடையாக

"காலி" என்றால் நம் வீடுகளில் என்ன அர்த்தம் என்று உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. மாதக் கடைசியில் அரிசி டின்னைத் திறந்து பார்த்தால் போதும்! ஆனால் இலங்கைத் தீவின் தென்மேற்கு மூலையில் அதே பெயரோடு ஒரு துறைமுகப் பட்டினம் இருக்கிறது. பெயர்தான் காலியே தவிர, அதன் கோட்டைக்குள்ளே கொத்தளங்களும், மாதா கோயில்களும், மசூதியும், கலங்கரை விளக்கமும், ஓட்டு வீடுகளும் ஒன்றையொன்று இடித்துக்கொண்டு நிற்கின்றன. வண்டியில் உட்கார்ந்தபடி பார்க்கிற ஊர் அல்ல இது. செருப்பைத் தொட்டுக்கொண்டு நடந்துதான் பார்க்க வேண்டும்.

கொழும்பிலிருந்து சுமார் 115 கிலோ மீட்டர் தூரம். மோட்டாரிலும் போகலாம், ஆனால் என் அபிப்பிராயத்தில் ரயிலுக்கு ஈடு இல்லை. 1894-லேயே காலிக்கு வந்துவிட்ட இந்த ரயில் பாதை, கடற்கரையை ஒட்டியே ஓடுகிறது. போகும்போது வலது பக்கத்து ஜன்னலைப் பிடித்துக்கொள்ளுங்கள். அலை வந்து தண்டவாளத்தைத் தொட்டுவிடுமோ என்று பல இடங்களில் தோன்றும். குழந்தைகள் சாப்பாட்டையே மறந்துவிடுவார்கள்!

கோட்டை வாசலில் நடைப் பயணம் கூட்டிப்போகும் வழிகாட்டிகள் கிடைப்பார்கள். எங்களுக்கு வாய்த்தவர் கோட்டைக்குள்ளேயே பிறந்து வளர்ந்த ஒரு முஸ்லிம் பெரியவர். அறுபது வயதைத் தாண்டியவர். ஊரார் அவரை "நானா" என்று அழைக்கிறார்கள். நானா என்றால் அங்கே அண்ணன். இலங்கை முஸ்லிம்களில் மிகப் பெரும்பாலோருக்குத் தாய்மொழி தமிழ்தான் என்பது உங்களுக்குத் தெரிந்திருக்கலாம். ஆயினும் அந்தத் தமிழுக்கு ஒரு தனி ருசி உண்டு. 'இருக்குது' என்பதை நானா 'ஈக்குது' என்றார். 'வீடு' அவர் வாயில் 'ஊடு' ஆயிற்று.

"வாரவங்க எல்லாரும் பீரங்கி எங்க ஈக்குது எண்டுதான் கேக்குறாங்க. நான் ஊட்டத்தான் காட்டுவேன்" என்று சிரித்துக்கொண்டே அவர் நடக்க ஆரம்பித்தார். நாங்கள் ஆறு பேர் பின்தொடர்ந்தோம். சென்னையிலிருந்து வந்த ஒரு தாயாரும் மகளும் எங்களோடு இருந்தார்கள். ஹாலந்து தேசத்துத் தம்பதி ஒன்றும் இருந்தது.

முதலில் மணிக்கூண்டு. 1883-ல் கட்டியது. டாக்டர் அந்தோனிஸ் என்ற வைத்தியரைக் கௌரவிக்க ஊரார் பணம் சேர்த்து எழுப்பிய கோபுரம் இது. கடிகாரம் மட்டும், அவரால் குணமடைந்த ஒரு முதலியார் கொடுத்த காணிக்கை. மருத்துவருக்கு இப்படி ஒரு ஞாபகச் சின்னத்தை வேறெங்கே பார்த்திருக்கிறீர்கள்?

மணிக்கூண்டு நிற்குமிடம் 'சந்திரக் கொத்தளம்'. இதன் இரு புறமும் சூரியக் கொத்தளமும் நட்சத்திரக் கொத்தளமும் இருக்கின்றன. தரை வழியாக வரும் பகைவரைத் தடுக்க டச்சுக்காரர்கள் மூன்றையும் எழுப்பினார்கள். மதிலின் மேல் நின்று வெளியே பார்த்தால் கிரிக்கெட் மைதானமும், அப்பால் பஸ் நிலையமும் தெரிகின்றன. அங்கே கையை நீட்டிக் காட்டியபோது நானாவின் சிரிப்பு மறைந்துவிட்டது.

2004-ஆம் வருஷம் டிசம்பர் 26. ஞாயிற்றுக்கிழமை, பௌர்ணமி தினமுங்கூட. சுனாமிப் பேரலை வந்து அந்த மைதானத்தையும் பஸ் நிலையத்தையும் விழுங்கியது. காலி மாவட்டத்தில் மட்டும் ஆயிரக்கணக்கானவர்கள் மாண்டார்கள். மைதானத்தைச் செப்பனிட்டு மீண்டும் டெஸ்ட் பந்தயம் நடத்த 2007 டிசம்பர் ஆயிற்று. ஆனால் மதிலுக்கு உள்ளே பெரிய சேதமில்லை. "வெள்ளக்காரன் எதிரிக்குப் பயந்து கட்டின செவரு, எங்களுக்குக் கடலத் தடுத்திச்சு. அண்டைக்கு ராவு எங்கட ஊட்டுல மட்டும் முப்பது பேர் படுத்தாங்க. யாரு, எந்த ஊரு எண்டு கேக்கல்ல" என்றார்.

சிறிது நேரம் ஒருவரும் பேசவில்லை. பிறகு மாதா கோயில் தெருவில் இறங்கினோம்.

அங்கே வெள்ளை வெளேரென்று நிற்பது டச்சுக்காரர்களின் பெரிய தேவாலயம். 1755-ல் கட்டி முடித்தது. காலியின் தளபதியாக இருந்தவரின் மனைவி, பெண் குழந்தை பிறந்ததற்கு நன்றிக் காணிக்கையாக இதைக் கட்டுவித்தாள் என்பது கர்ண பரம்பரைச் செய்தி. பிள்ளை வரத்துக்கு வேண்டிக்கொள்வது நம் பாட்டிமார் மட்டும் செய்த காரியமல்ல, பார்த்தீர்களா? உள்ளே தரை முழுவதும் கல்லறைக் கற்கள். பெயர்களும், குடும்பச் சின்னங்களும், சிலவற்றில் கபால உருவமும் செதுக்கியிருக்கிறார்கள். ஆயிரக்கணக்கான மைல் கடந்து வந்து இந்த உஷ்ணத்தில் மாண்டவர்கள் அவர்கள். ஹாலந்துப் பெண்மணி மெல்லிய குரலில் ஒவ்வொரு பெயராகப் படித்துக்கொண்டே போனாள்.

அடுத்தது பழைய வாசல். வெளிப் புறத்தில் பிரிட்டிஷ் சின்னம்; உட்புறத்தில் டச்சுக் கம்பெனியின் சின்னம். இரண்டு சிங்கங்களுக்கு நடுவே கம்பெனியின் எழுத்துக்கள், மேலே ஒரு சேவல், 1669 என்ற வருஷம். சேவல் எதற்கு? போர்த்துக்கீசியப் பாஷையில் 'காலோ' என்றால் சேவல். ஊர்ப் பெயரைக் கேட்டதும் அவர்களுக்குச் சேவல் ஞாபகம் வந்ததாம்! போர்த்துக்கீசியர் 1505-ல் இலங்கைக்கு வந்தார்கள். 1588 வாக்கில் இங்கே கோட்டை எழுப்பினார்கள். 1640-ல் டச்சுக்காரர்கள் அதைப் பிடித்துப் பெரிதாக்கினார்கள். 1796-ல் இங்கிலீஷ்காரர் கைக்கு மாறியது.

"மூன்று பேரும் போய்விட்டார்கள். என்ன மிச்சம்?" என்று கேட்டாள் சென்னைப் பெண்.

நானா விரல் விட்டு எண்ணினார். ஜன்னல், அலமாரி, மேஜை, சாவி: எல்லாம் போர்த்துக்கீசியர் கொடுத்த சொற்கள். சாவியை எடுத்து அலமாரியைத் திறக்கும்போது நாம் பாதிப் போர்த்துக்கீசியம் பேசுகிறோம்! அதிலிருந்து எடுக்கிற 'துட்டு' டச்சுச் சொல். இலங்கைத் தமிழர் ஆபீஸைக் 'கந்தோர்' என்பார்களே, அதுவும் அப்படித்தான். "இன்னொண்டும் ஈக்குது" என்று தயங்கினார் நானா. கடைசியில் சொன்னார்: கக்கூஸ்! ஹாலந்துக் கனவான் முகம் சிவக்கச் சிவக்கச் சிரித்து, உண்மைதான் என்று தலையாட்டினார்.

தமிழுக்கும் காலிக்கும் உள்ள உறவு இவர்களுக்கெல்லாம் முந்தியது. 1911-ல் இந்த ஊரில் ஒரு மதகைப் பழுது பார்க்கும்போது, எழுத்துள்ள பக்கம் கீழே இருக்கும்படி கவிழ்ந்து கிடந்த ஒரு கல் அகப்பட்டது. திருப்பிப் பார்த்தால் மூன்று மொழிகள்: சீனம், தமிழ், பாரசீகம். சீனக் கடற்படைத் தலைவர் செங் ஹ 1409-ல் பொறித்து எடுத்து வந்த கல் அது. சீனப் பகுதி புத்தருக்கும், தமிழ்ப் பகுதி தென்னாவரை நாயனார் என்ற தெய்வத்துக்கும், பாரசீகப் பகுதி அல்லாவுக்கும் காணிக்கைகளைச் சொல்கிறது. பொன், வெள்ளி, பட்டு, எண்ணெய் என்று மூவருக்கும் ஏறக்குறைய ஒரே அளவு. மூன்று மருமகள்களுக்கும் ஒரே மாதிரிப் புடவை எடுக்கும் சாமர்த்தியசாலி மாமியார் தோற்றாள்! கல்லை இப்போது கொழும்பு மியூஸியத்தில் பார்க்கலாம்.

பெரிய கிடங்கையும், நெடுங்காலம் கோர்ட்டு நடந்த ஆல மரச் சதுக்கத்தையும், டச்சு ஆஸ்பத்திரியையும் கடந்து போனோம். ஆஸ்பத்திரியின் நீண்ட தாழ்வாரங்களில் 2014 முதல் கடைகளும் சாப்பாட்டு விடுதிகளும் நடக்கின்றன. கோடியில் 1939-ல் கட்டிய கலங்கரை விளக்கம் தென்னை மரங்களுக்கு நடுவே நிற்கிறது. எதிரே வெள்ளை மசூதி. கோபுரங்களைப் பார்த்தால் தேவாலயமோ என்றுதான் முதலில் நினைப்பீர்கள்.

அங்கிருந்து உள் தெருக்களில் நுழைந்தோம். கப்பல்களுக்குக் கயிறு திரித்த தெரு ஒன்று. தலைச்சுமையாகச் சரக்கு விற்ற முஸ்லிம் வியாபாரிகளின் பெயரில் ஒரு தெரு. நம் தென் கரையிலிருந்து போன பரதவர் பெயரில் 'பரவா தெரு'. ஒரு கடை வாசலில் சிங்களப் பெண்மணி ஒருத்தி திண்டின் மேல் குண்டூசிகளைக் குத்தி, சின்னச் சின்னக் கட்டைகளில் நூலைச் சுற்றி, லேஸ் பின்னிக்கொண்டிருந்தாள். 'பீரளு' என்று இதற்குப் பெயர். ஐரோப்பியர் வழியாக வந்து, இந்தக் கரைப் பெண்களின் கைத்தொழிலாகி விட்ட கலை. கட்டைகள் கடகடவென்று மாறி மாறி விழுகின்றன. அவளோ நம்மைப் பார்த்துப் பேசிக்கொண்டே பின்னுகிறாள். ஒரு முழம் பின்ன எவ்வளவு பாடு என்று பார்த்த பிறகு, விலை பேச எங்களுக்கு மனம் வரவில்லை.

நானாவின் வீட்டு வாசலுக்கு வந்து சேர்ந்தோம். தெருவை ஒட்டித் தூண்கள் வைத்த தாழ்வாரம், 'இஸ்தோப்பு' என்கிறார்கள். இதுவும் டச்சுச் சொல்தான். உள்ளே வெளிச்சம் கொட்டும் முற்றம், கிணறு. "எங்கட தாத்தா வருவாங்க, இருங்கோ" என்றார் நானா. தடியூன்றிய கிழவரை எதிர்பார்த்தோம். முக்காடிட்ட ஓர் அம்மாள் தட்டோடு வந்தார்! அங்கே தாத்தா என்றால் அக்காளாம். தட்டில் வட்டிலப்பம். தேங்காய்ப் பால், கித்துள் கருப்பட்டி, முட்டை, ஏலக்காய் சேர்த்து ஆவியில் வேக வைக்கும் பண்டம். முட்டை சாப்பிடாதவர்களுக்குத் தேநீரும் வாழைப்பழமும் வந்தன.

"இந்தத் தெருவில் எத்தனை குடும்பம் இருக்கிறது?" என்று சென்னை அம்மாள் சாதாரணமாகத்தான் கேட்டார்.

அந்த அம்மாள் ஜன்னல் வழியாகக் காட்டினார். எதிர் வீடு விடுதி. அடுத்தது ரத்தினக் கற்கள் கடை. அதற்கும் அடுத்தது காப்பிக் கடை. "அது என் கூட்டாளி பொறந்த ஊடு. இப்ப உள்ள போகக் காசு குடுத்துக் காப்பி வாங்கோணும்" என்றார். 1988-ல் யுனெஸ்கோ இந்தக் கோட்டையை உலகப் பாரம்பரியச் சொத்தாக அறிவித்தது. நல்ல காரியந்தான். ஆனால் பெயர் பரவப் பரவ வீட்டு விலையும் ஏறியது. வெளியூராரும் வெளிநாட்டாரும் வாங்கினார்கள்.

விற்றவர்களைக் குறை சொல்வதற்கில்லை. ஐந்து பிள்ளைகளுக்குள் ஒரு முற்றத்தை எப்படிப் பங்கு போடுவது? பழைய ஓடும், சுண்ணாம்புச் சுவரும், மர உத்தரமும் வருஷந்தோறும் செலவு கேட்கும். பாரம்பரிய நகரமாதலால் இஷ்டப்படி இடித்துக் கட்டவும் அனுமதி கிடையாது. விருந்தாளிகள் வருவதால்தான் லேஸ் பின்னுகிறவளுக்கும் நானாவுக்குமே பிழைப்பு. வாங்கியவர்களிலும் இடிந்து விழவிருந்த வீடுகளை அருமையாகப் புதுப்பித்தவர்கள் உண்டு. இதையெல்லாம் நானாவே சொன்னார்.

அக்காள் மட்டும் ஒன்று சொன்னார்: "ஊட்ட வித்தாச் சல்லி வரும். பக்கத்து ஊட்டுக்காரி திரும்பி வருவாளா?"

2020-ல் தொற்று நோய் பரவிப் பிரயாணிகள் வராமல் நின்றபோது, விடுதிகளெல்லாம் பூட்டிக் கிடந்தனவாம். தெருவில் குடித்தனம் இருந்த நாலைந்து வீடுகளில் மட்டும் ராத்திரி விளக்கு எரிந்தது. அப்போதுதான் தெருவில் எத்தனை பேர் மிச்சம் என்று தெரிந்தது என்றார் அந்த அம்மாள். சுனாமி ராத்திரியில் முப்பது பேருக்குப் பாய் விரித்த வீட்டில் உட்கார்ந்து இதைக் கேட்டபோது, மதில் எத்தனை பலமாயிருந்தாலும் அது பாதி வேலையைத்தான் செய்யும் என்று எனக்குப் பட்டது. ஓடி வருகிறவர்களுக்குக் கதவைத் திறக்க உள்ளே ஆள் இருக்க வேண்டுமே!

விடை பெற்றுக்கொண்டு மீண்டும் மதில் ஏறினோம். கொடிப் பாறையில் பையன்கள் கடலில் குதித்துக் காட்டிக் காசு கேட்கிறார்கள். பார்க்கும் நமக்குத்தான் குலை நடுங்குகிறது. மேற்குப் பக்கத்துக் கொத்தளம் ஒன்றில் டச்சுக்காரர்கள் காற்றாடி யந்திரம் வைத்துக் கடல் நீரை இறைத்தார்களாம். தெருக்களின் அடியில் செங்கல்லால் கட்டிய சாக்கடைகளை அந்த நீர் கழுவிக்கொண்டு போகும். காற்றாடி இப்போது இல்லை. மதில் நெடுகக் குடைகள் மட்டும் தெரிந்தன. ஒவ்வொரு குடைக்குள்ளும் ஓர் இளஞ்ஜோடி! நானா அந்தப் பக்கம் பார்க்காமல் கடலைப் பற்றியே பேசிக்கொண்டு வேகமாக நடந்தார்.

நீங்கள் போவதாயிருந்தால் டிசம்பர் முதல் மார்ச்சு வரையில் போங்கள். கடல் அமைதியாக இருக்கும். காலை எட்டு மணிக்கு முன்னோ, மாலை நாலு மணிக்குப் பின்னோ நடையைத் தொடங்குங்கள். குடையும் தண்ணீரும் அவசியம். கோயிலுக்கும் மசூதிக்கும் ஏற்ற அடக்கமான உடை நல்லது. தங்குவதற்கு, குடும்பத்தார் தாங்களும் வசித்துக்கொண்டு இரண்டொரு அறைகளை வாடகைக்கு விடும் வீடுகள் கோட்டைக்குள் இருக்கின்றன. அப்படி ஒரு வீட்டையே விசாரியுங்கள். நீங்கள் கொடுக்கும் வாடகை, அந்தக் குடும்பம் இன்னும் சில வருஷம் அதே கூரையின் கீழ் இருக்க உதவும். காலையில் ஆப்பமும் கிடைக்கும். இஸ்தோப்பில் உட்கார்ந்து பேச ஆளும் கிடைக்கும்.